மேற்குக் காட்டுப் பட்டா

என் அக்கா உழுது பிழைத்த காட்டை சர்க்கார் ஏலம் போட்டபோது, அக்கா சர்க்காருக்கு ஒரு தம்பிடிகூட பாக்கி வைத்திருக்கவில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். யாரிடம் இந்த விஷயத்தைச் சொன்னாலும் பாதியில் நிறுத்தி, "கிஸ்தியைக் கட்டியிருந்தா ஏலம் எதுக்கு வருது?" என்று புத்திசாலித்தனமாகக் கேட்கிறார்கள். கட்டினாள். வருஷம் தவறாமல் நிலவரி கட்டினாள். கட்டியது வேறொரு காட்டுக்கு. அவ்வளவுதான் விஷயம். இந்த அவ்வளவைச் சரிசெய்ய ஒரு கோர்ட்டாலும் இரண்டு ஆபீஸாலும் முடியவில்லை.

எனக்கு அப்போது நிலையான ஊர் கிடையாது. ஆட்டையாம்பட்டியில் நாலாம் வகுப்போடு படிப்பை விட்டவன். சேலத்துக்கு வடக்கே வெள்ளைக்கல் வெட்டும் குழிகளில் கொஞ்ச நாள், ரயில் பாதைக்கு ஜல்லி உடைத்தது கொஞ்ச நாள், மேட்டூரில் அணை கட்டும்போது கல் சுமந்தது கொஞ்ச நாள். மேட்டூரில் குளிர்காய்ச்சல் வந்து, கூலி ஆட்களைப் படுக்கவைத்திருந்த கொட்டகையில் எனக்கு இருபுறமும் படுத்திருந்தவர்கள் செத்துப்போனார்கள். நான் எழுந்து நடந்து வந்துவிட்டேன். வேலை இல்லாத நாட்களில் எருமப்பட்டிப் பக்கத்தில் வாழ்க்கைப்பட்டிருந்த அக்கா வீட்டுக்குப் போவேன். சோறு கிடைக்கும், அதோடு வேலையும் கிடைக்கும்.

ஏலத்துக்கு வந்த அந்த மேற்குக் காட்டின் கிணற்றை வெட்டியதில் எனக்கும் பங்கு உண்டு. அக்காவின் வீட்டுக்காரர், அதாவது என் மச்சான், பாறையில் நீரோட்டம் இருக்கிறது என்று ஒற்றைக்காலில் நின்றார். வெடிமருந்து வைத்துத் தகர்க்க ஆள் பிடித்தோம். பாறை உடைந்தது, தண்ணீர் வரவில்லை. மறுபடி உடைத்தோம். கல்லை மேலே தூக்கிப் போட்டுப் போட்டு என் வலது தோள் இன்றைக்கும் மழை நாளில் வலிக்கிறது. கடைசியில் தென்மேற்கு மூலையில் விரல் தடிமனுக்கு ஓர் ஊற்று கண் திறந்தது. அதற்குப் பிறகு அந்த மானாவாரிக் காடு தோட்டமாயிற்று. கிணற்று மேட்டில் கவலை கட்டி, மாடு பூட்டித் தண்ணீர் இறைத்து ராகியும் மிளகாயும் போட்டார்கள். கிணற்றில் தண்ணீர் வந்த மூன்றாவது கோடையில் மச்சான் பேதியில் போய்விட்டார். அக்காவுக்கு இரண்டு பெண் குழந்தைகள். அந்தத் தோட்டம்தான் சோறு.

இனி அந்தக் காடு அவர்களுக்கு எப்படி வந்தது என்று சொல்ல வேண்டும். மச்சானுக்குப் பெரியப்பா மகன் ஒருவர் உண்டு. அக்காவுக்கு மூத்தார் முறை. எனக்கு அவரும் மச்சான் முறைதான், ஆனாலும் குழப்பம் வேண்டாமென்று நானும் அவரை மூத்தார் என்றே எழுதுகிறேன். பாகம் பிரித்தபோது மேற்குக் காடு மூத்தாருக்கும், கிழக்குக் காடு மச்சானுக்கும் விழுந்தது. ஆனால் கிழக்குக் காடு மூத்தாரின் வீட்டு வாசலில் தொடங்குகிறது. மேற்குக் காடோ மச்சான் வீட்டுக்குப் பின்னால். இரண்டு பேரும் விடிந்ததும் ஏர் மாடுகளை ஓட்டிக்கொண்டு ஒருவர் வீட்டை ஒருவர் தாண்டிப் போவதும், பொழுது சாய்ந்து திரும்புவதும் பார்க்கிறவர்களுக்கே சிரிப்பாக இருந்ததாம். ஒரு நாள் இரண்டு பேரும் மாற்றிக்கொண்டார்கள்.

மாற்றிக்கொண்டார்கள் என்றால், காட்டோரத்தில் இருக்கும் கன்னிமார் கல்லுக்கு முன்னால் சூடம் கொளுத்தி அணைத்துச் சத்தியம் செய்து, அவரவர் காட்டு மண்ணை ஒரு கைப்பிடி துண்டில் முடிந்துகொண்டு போய் மற்றவர் காட்டில் கொட்டினார்கள். பொங்கல் வைத்தார்கள். ஊரே சாப்பிட்டது. கணக்குப்பிள்ளையும் வந்து சாப்பிட்டார். அவர் கை கழுவும்போது, "எழுதிக்கலாமுங்களே?" என்று கேட்டிருக்கிறார். "பங்காளிக்குள்ள எழுத்து எதுக்குங்க? எழுத்துன்னா சந்தேகம்னு அர்த்தம்" என்று மூத்தார் சொன்னாராம். இரண்டு காட்டுக்கும் கிஸ்தி ஏறக்குறைய ஒன்றுதான். ஆகவே அவரவர் பட்டாவுக்கு அவரவர் கட்டிக்கொண்டே வந்தார்கள். அதாவது அவர் உழுகிற காட்டுக்கு இவரும், இவர் உழுகிற காட்டுக்கு அவரும் வரி கட்டினார்கள். பதினைந்து வருஷத்துக்கு மேல் யாருக்கும் ஒரு குறையும் தோன்றவில்லை. மச்சான் செத்ததும் கிழக்குக் காட்டுப் பட்டாவை அக்கா பேருக்கு மாற்றிக் கணக்குப்பிள்ளை தானாகவே கொண்டுவந்து கொடுத்தார். அவள் கால் வைக்காத காடு கேட்காமலே அவள் பேருக்கு வந்தது. அவள் வியர்வை சிந்திய காடு மூத்தார் பேரில் கிடந்தது.

பிறகு நிலக்கடலை விலை விழுந்தது. மூடை மூடையாக வண்டியில் ஏற்றிக்கொண்டு போனவர்கள் வண்டி வாடகைக்குக்கூடக் காசு தேறாமல் திரும்பினார்கள். அதோடு மழையும் நின்றது. கிணறில்லாத மூத்தார் கிஸ்தி கட்டவில்லை. கட்டக்கூடாது என்று இல்லை, அவரிடம் இல்லை. அப்போது தலையாரி தப்பட்டையை அடித்துக்கொண்டு வந்தான். வந்தவன் மூத்தார் வீட்டுக்குப் போகவில்லை. பாக்கி எந்த சர்வே நம்பருக்கோ அந்த நம்பர் நிலத்தில்தான் நோட்டீஸ் ஒட்ட வேண்டும். அக்காவின் கவலைக் காலில் ஒட்டினான்.

நான் அப்போது அங்கேதான் இருந்தேன். அக்கா மிளகாய்ச் செடிக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்தாள். மண்வெட்டியைப் போட்டுவிட்டு வந்தாள்.

"ஏண்டா, எங்காட்டுல என்னத்தடா ஒட்டற?"

"பாக்கிங்க அம்மணி. கட்டலைன்னா காடு ஏலத்துக்குப் போகுதுங்க."

"நான் மாசி மாசமே கட்டீட்டன். ரசீது இருக்குது."

"அது கெழக்குக் காட்டுக்குங்க. இது மேக்குக் காட்டுக்கு. எனக்குத் தெரியாதுங்களா, இது உங்குளுதுதான்னு? பொங்கச் சோறு நானுந்தான் தின்னேன். ஒட்டச் சொன்னாங்க, ஒட்டறேன்."

அந்தத் தடவை மூத்தாரின் பாக்கியை அக்காவே கட்டினாள். கட்டியதற்கு, ஊரில் வரி வசூலிக்கும் மணியக்காரர் ரசீது கொடுத்தார். ரசீது மூத்தார் பேரில் இருந்தது. பட்டா யார் பேரிலோ ரசீது அவர் பேரில்தான். அவள் கொடுத்த காசு, காடு அவளுடையது இல்லை என்பதற்குச் சாட்சியாக வந்து சேர்ந்தது. நாலு எழுத்து படித்தவன் என்பதால் என்னைக் கூப்பிட்டு, "இதை மாத்திக் குடுத்துட்டு நீ எங்க வேணாலும் போ" என்றாள். ஒரு வாரத்தில் முடிகிற வேலை என்று நினைத்தேன்.

தாலுகா ஆபீஸில் சொன்னார்கள்: இரண்டு பேரும் பரிவர்த்தனைப் பத்திரம் எழுதி ரிஜிஸ்தர் செய்துகொண்டு வாருங்கள், மாற்றிவிடலாம், பத்திரம் இல்லையென்றால் கோர்ட்டில் போய்க் கேளுங்கள். நியாயமான பேச்சு. மூத்தார் நல்ல மனிதர். கடலை ஒன்று தரையில் கிடந்தால் அது யார் காட்டுக் கடலை என்று கேட்டுவிட்டுத்தான் எடுப்பார். அவரிடம் போனேன். அக்காவும் வந்தாள். ஆனால் மூத்தார் முன்னால் அவள் நேராக நின்று பேசக் கூடாது. கதவுக்குப் பின்னால் நின்றாள்.

"மாப்ளை, பத்தரத்துல என்னன்னு எழுதுவாங்க?" என்றார் மூத்தார்.

"இன்ன தேதியில இந்தக் காட்டை அவிங்குளுக்குக் குடுத்து, அந்தக் காட்டை நான் வாங்கிக்கிட்டேன்னு எழுதுவாங்க மச்சான்."

"இன்ன தேதின்னா?"

"எழுதற தேதிதான்."

"நான் என்னைக்குக் குடுத்தேன்?"

"அது ஆச்சுங்க வெகு காலம்."

"அப்ப இன்னைக்குக் குடுத்தேன்னு எப்படிச் சொல்றது? பொய்தானே?"

"எழுத்துக்குத்தானுங்க."

"எழுத்துக்குன்னா பொய் சொல்லலாமா? கன்னிமாருக்கு முன்னால சூடம் அணைச்சுக் குடுத்தேன். இப்ப ரிஜிஸ்தர் ஆபீசுல போயி இன்னைக்குத்தான் குடுத்தேன்னு ரேகை வெச்சா, அன்னைக்குக் குடுத்தது என்னாச்சு? சாமி கிட்டச் சொன்னது செல்லாமப் போச்சா? அந்தக் கல்லு மூஞ்சில நாளைக்கு நான் எப்படி முழிக்கறது?"

"அப்ப காடு யாருதுங்க?"

"அம்மணியோடது. எங்க வேணாலும் வந்து சொல்றேன். கலெக்டர் கிட்டச் சொல்றேன், காந்தி கிட்டச் சொல்றேன். ரேகை மட்டும் கேக்காதீங்க."

கதவுக்குப் பின்னால் அக்கா தலையில் அடித்துக்கொள்ளும் சத்தம் கேட்டது. மூத்தாரின் காதிலும் விழுந்திருக்கும். அவர் கூரையைப் பார்த்தார். ஒரு அயோக்கியனோடு சண்டை போடலாம், காசு கொடுத்து மடக்கலாம், நாலு பேரைக் கூட்டிப் பயமுறுத்தலாம். யோக்கியனை என்ன செய்வது? அன்றைக்கு எனக்கு வந்த கோபத்துக்குக் கன்னிமார் கல்லையே பிடுங்கிக் கிணற்றில் போட்டிருப்பேன்.

நாமக்கல்லில் ஒரு வக்கீலைப் பார்த்தோம். எல்லாவற்றையும் கண்ணை மூடிக்கொண்டு கேட்டவர், வேறு வழியில்லை, மூத்தார் மேல் கேஸ் போடுங்கள் என்றார். பன்னிரண்டு வருஷத்துக்கு மேல் அனுபவம் இருப்பதால் காடு அக்காவுக்குத்தான் என்று கோர்ட்டே சொல்லிவிடும் என்றார். கேஸ் போட்டோம். போட்டுவிட்டு நான் ராசிபுரம் போய் நெசவுக்குப் பாவு ஓடுகிற ஓர் இடத்தில் வேலை பார்த்தேன், அங்கிருந்து சங்ககிரி, மறுபடி மேட்டூர். வாய்தா வாய்தாவாக வந்து போனேன். அக்கா ஊரிலிருந்து நாமக்கல்லுக்கு நடந்தால் அரை நாள். முந்திய நாளே வந்து சத்திரத்து வாசலில் படுத்துக்கொள்வேன்.

விசாரணை அன்றைக்கு அக்காவும் மூத்தாரும் ஒரே வண்டியில் வந்தார்கள். வேறு வண்டிக்கு எங்கே போவது? மூத்தார் வண்டியை ஓட்டினார். அக்கா பின்பக்கம் பார்த்து உட்கார்ந்து வந்தாள். அக்கா கட்டிக்கொண்டு வந்த கம்மஞ்சோற்றைக் கோர்ட்டு வேப்பமரத்தடியில் இரண்டு பேருக்கும் நான்தான் பிசைந்து வைத்தேன். பக்கத்தில் இருந்த ஒரு குமாஸ்தா, "இவங்க யாரு, அவங்க யாரு?" என்று கேட்டார். வாதி, பிரதிவாதி என்றேன். அவர் இன்னொருவரைக் கூப்பிட்டுக் காட்டினார்.

கூண்டில் ஏறிய மூத்தாரிடம் சத்தியம் செய்யச் சொன்னார்கள்.

"ஒருக்கா பண்ணீட்டனுங்க."

"எப்போ?" என்றார் ஜட்ஜி.

"காடு மாத்தறப்பவே."

"அது வேறே. இது இந்தக் கோர்ட்டுக்கு."

"கோர்ட்டுக்கு ஒரு சத்தியம், கன்னிமாருக்கு ஒரு சத்தியமுங்களா? சரிங்க. பண்றேன்."

வாதி சொல்வதை மறுக்கிறீரா என்று ஜட்ஜி கேட்டார். இல்லை என்றார் மூத்தார். காடு வாதிக்குத்தான் என்று ஒப்புக்கொள்கிறீரா? ஒப்புக்கொள்ள என்ன இருக்கிறது, ஊருக்கே தெரியுமே என்றார். பின்னே ஏன் கேஸ் வரைக்கும் விட்டீர் என்று ஜட்ஜி கேட்டதற்கு, "அதைத்தானுங்க நானும் எம் மாப்ளையைக் கேக்கறேன்" என்று என்னைக் கை காட்டினார். கோர்ட்டில் எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

தீர்ப்பு எங்கள் பக்கம் வந்தது. மேற்குக் காடு அக்காவுக்குப் பாத்தியம் என்று ஜட்ஜி சொன்னார். வக்கீல் எழுந்து, பட்டாவை வாதி பெயருக்கு மாற்றும்படி உத்தரவும் வேண்டும் என்றார். ஜட்ஜி தலையாட்டினார், இல்லை என்று. அவர் பொறுமையான மனிதர். அக்காவுக்குப் புரியட்டும் என்று தமிழிலேயே சொன்னார்.

"அம்மா, நிலம் யாருக்குப் பாத்தியம் என்று சொல்ல எனக்கு அதிகாரம் உண்டு. சொல்லிவிட்டேன். பட்டா என்பது யாரிடம் வரி வாங்குவது என்று சர்க்கார் எழுதி வைத்திருக்கும் கணக்கு. அதில் யார் பேரை எழுது என்று நான் உத்தரவு போட முடியாது. அது ரெவின்யூ இலாகா வேலை."

அக்கா கும்பிட்டபடி நின்றாள். மூத்தார் எதிரே இருப்பதால் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டு பேசினாள். "அவிங்க கோர்ட்டுல போயிக் கேளுன்னு சொல்றாங்க சாமி."

"என்னிடம் கேட்டாய், நான் சொன்னேன்."

"நீங்க சொன்னதை அவிங்க கேப்பாங்களா சாமி?"

ஜட்ஜி பேனாவை மூடி வைத்தார். "கேட்க வேண்டும்" என்றார். பிறகு அடுத்த கேஸைக் கூப்பிட்டார்கள்.

தீர்ப்பு நகலை வாங்கிக்கொண்டு தாலுகா ஆபீஸுக்குப் போனேன். தாசில்தார் இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார்.

"பிரதிவாதி ஒண்ணும் மறுக்கலையா?"

"இல்லீங்க. உள்ளதை ஒத்துக்கிட்டாருங்க."

"சண்டையே போடாம கேஸ் ஜெயிச்சிருக்கீங்க. ரெண்டு பேரும் பேசிவெச்சுக்கிட்டு, பத்திரச் செலவை மிச்சம் பிடிக்க கோர்ட்டுல போயி ஒரு காகிதம் வாங்கிட்டு வந்திருக்கீங்க. இதை நான் ஒத்துக்கணுமா? சர்க்காரை இதுல கட்சியாச் சேர்த்தீங்களா? சேர்க்கலை. அப்ப இது உங்க ரெண்டு பேருக்குள்ள. சர்க்காரைக் கட்டாது."

கோர்ட்டுக்கும் வக்கீலுக்கும் நடந்த செலவைச் சொன்னேன். பத்திரம் எழுதியிருந்தால் அதில் கால்வாசிதான் ஆகியிருக்கும். "அதான் பத்திரம் எழுதுங்கங்கறேன்" என்றார் அவர். மூத்தார் ஏன் ரேகை வைக்க மாட்டார் என்பதைத் தாசில்தாரிடம் விளக்க முயன்றேன். கன்னிமார் கல் வரைக்கும் சொன்னபோது அவர் மணியடித்து அடுத்த ஆளைக் கூப்பிட்டார். நாங்கள் முதலிலேயே அரிவாளைத் தூக்கி ஒருவர் மண்டையை ஒருவர் உடைத்திருந்தால், அந்தக் கோர்ட்டு டிக்ரிக்கு மரியாதை இருந்திருக்கும்.

அந்த வருஷ ஜமாபந்தியில் சப் கலெக்டரிடம் மனு கொடுத்தோம். ஜமாபந்தி என்பது வருஷத்துக்கு ஒரு தடவை மேலதிகாரி வந்து கிராமக் கணக்கையெல்லாம் பார்க்கிற நாள். குறையுள்ளவர்கள் வெயிலில் வரிசையாக நிற்க வேண்டும். அவர் தஞ்சாவூர்ப் பக்கத்து மனிதர்தான், ஆனாலும் டவாலி சேவகன் "துரை, துரை" என்றே சொல்லிக்கொண்டிருந்தான். மனுவைப் படித்துவிட்டு, "இது பாத்தியதைப் பிரச்சினை. ரெவின்யூ அதிகாரிகள் பாத்தியதையைத் தீர்மானிக்க முடியாது. சிவில் கோர்ட்டுக்குப் போங்கள்" என்றார்.

"போயாச்சுங்க. தீர்ப்பு அதுலயே இருக்குதுங்க."

"அப்போ கோர்ட்டை எங்களுக்கு உத்தரவு போடச் சொல்லு."

"அவிங்க, எங்களால உத்தரவு போட முடியாதுன்னு சொல்றாங்க."

"சரியாத்தான் சொல்லியிருக்கா. அவாளால முடியாது" என்று திருப்தியாகச் சொல்லி, மனுவின் மூலையில் இங்கிலீஷில் ஒரு வரி எழுதித் திருப்பிக் கொடுத்தார். அந்த வரியை வக்கீலிடம் காட்டினேன். 'மனுதாரர் தக்க நீதிமன்றத்தை அணுகலாம்' என்று அர்த்தமாம். சர்க்காரையும் சேர்த்து இன்னொரு கேஸ் போடலாம், அதற்கு முன்னால் சர்க்காருக்கு நோட்டீஸ் கொடுத்துவிட்டுக் காத்திருக்க வேண்டும் என்றார் வக்கீல். நான் எழுந்து வெளியே வந்து கமலாலயக் குளத்துப் படியில் உட்கார்ந்து ஒரு பீடி முழுக்கக் குடித்தேன். ஒருவர் மேல் ஒருவருக்கு எவ்வளவு மரியாதை பாருங்கள். கோர்ட் ஆபீஸுக்குள் கால் வைக்காது. ஆபீஸ் கோர்ட்டுக்குள் கால் வைக்காது. இரண்டுக்கும் நடுவே இருக்கிற வெயிலில் நாங்கள்தான் நடந்துகொண்டிருந்தோம்.

அடுத்த வருஷமும் மூத்தாரால் கட்ட முடியவில்லை. மறுபடி தப்பட்டை. மறுபடி கவலைக் காலில் காகிதம். இந்தத் தடவை ஏலத் தேதியும் போட்டிருந்தது. பாக்கியைக் கட்டிவிடலாம், வேறென்ன செய்வது என்று நான் தாலுகா ஆபீஸுக்குப் போனேன். அங்கே நாற்காலி கிடைக்காமல் பெஞ்சில் உட்கார்ந்து எழுதும் ஒரு குமாஸ்தா என்னைப் பார்த்துச் சலித்துப்போனவர். தலையை நிமிர்த்தாமலே சொன்னார்.

"ஏன்யா கட்டறே? ஏலத்துல விடு. நீயே எடு. சர்க்கார் ஏலத்துல எடுத்தவன் பேருக்குப் பட்டா தானா வரும். கோர்ட்டு வேண்டாம், பத்திரம் வேண்டாம், உங்க மூத்தார் ரேகையும் வேண்டாம்."

நான் அதை அக்காவிடம் சொன்னேன். சொல்லிவிட்டு, வேண்டாம் என்றும் சொன்னேன். கிணற்றுத் தோட்டம் ஏலத்துக்கு வருகிறது என்று நாமக்கல் கடலை மண்டிக்காரர் ஒருவர் ஏற்கெனவே வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போயிருந்தார். அவர் கேட்டால் நம்மால் மேலே கேட்க முடியுமா? கேட்க முடியாவிட்டால் ஊற்றும் போச்சு, சோறும் போச்சு.

அக்கா எழுந்து கட்டுத்தரைக்குப் போனாள். மாட்டுக்குத் தண்ணீர் காட்டினாள். பிறகு சொன்னாள். "வருசா வருசம் அவரு கட்டுவாரா மாட்டாரான்னு தப்பட்டைச் சத்தத்துக்குக் காதைக் குடுத்துக்கிட்டு நான் படுத்துக் கெடக்கோணுமா? போனா ஒரேயடியாப் போகட்டும். எருமை ரெண்டையும் ஓட்டிக்கிட்டுப் போயிச் சந்தையில வித்துட்டு வா."

சாவடியில் ஏலம். ரெவின்யூ இன்ஸ்பெக்டர், மணியக்காரர், கணக்குப்பிள்ளை மூன்று பேரும் உட்கார்ந்திருந்தார்கள். ஊர்க்காரர்கள் எல்லோரும் வந்திருந்தார்கள், யாரும் கேட்கப் போவதில்லை என்று தெரியும். பங்காளிக் காட்டை, அதுவும் தாலியறுத்தவள் காட்டை ஏலத்தில் எடுத்தவனுக்கு எந்த வீட்டிலும் தண்ணீர் கிடைக்காது. மண்டிக்காரர் வெளியூர்க்காரர். அவர் தன் குமாஸ்தாவோடு ஜட்கா வண்டியில் வந்து இறங்கினார். அக்காவின் கை மடியில் பணத்தை இறுக்கிப் பிடித்திருந்தது.

எனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. கையில் டிக்ரி நகல் இருந்தது. இத்தனை நாள் அதைச் சுமந்து சுமந்து ஓரமெல்லாம் நைந்துபோயிருந்தது. அதை மண்டிக்காரரின் குமாஸ்தாவிடம் நீட்டினேன். அவருக்கு இங்கிலீஷ் தெரியும். முழுக்கப் படித்தார்.

"என்னய்யா சொல்லுது?" என்றார் மண்டிக்காரர்.

"இந்தக் காடு இந்த அம்மாளுக்குத்தான் சொந்தம்னு நாமக்கல் கோர்ட்டு தீர்ப்புச் சொல்லியிருக்குங்க."

"அப்ப இங்க யார் பாக்கிக்கு ஏலம் போடறாங்க?"

"அதோ அங்க நிக்கறாருங்களே, அவரு பாக்கிக்கு."

மூத்தார் கும்பிடு போட்டார். மண்டிக்காரர் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். "டிக்ரி சர்க்கார் ஏலத்தைக் கட்டுப்படுத்தாதுங்க. தைரியமாக் கேளுங்க" என்றார் இன்ஸ்பெக்டர்.

"உங்களுக்குத் தைரியம் இருக்குங்க, மாசம் பொறந்தா சம்பளம் வருது. நான் எடுத்தா எம் மேலயும் ஒரு கேஸு வரும். அந்த அம்மா பக்கம் காகிதம் இருக்கு. கடலை வாங்க வந்தேன்னு வெச்சுக்கங்க." வண்டியில் ஏறிக்கொண்டார். கணக்குப்பிள்ளையின் பேனாவை ஒரு நூல் அசைக்க முடியாத காகிதம் அது. கீழ்ப்படிய வேண்டாத ஒரு மனிதர்தான் அதற்குப் பயந்தார்.

அக்கா பாக்கித் தொகைக்குச் சற்று மேலே கேட்டாள். தன் காட்டை, தன் கிணற்றை, வேறொருவர் பாக்கிக்காக, எருமைகளை விற்று வாங்கினாள். இன்ஸ்பெக்டருக்கு மனசு கேட்கவில்லை. "ஏம்மா, இந்தப் பணத்தைப் பாக்கியாவே கட்டியிருந்தா ஏலமே வந்திருக்காதே?" என்றார்.

"மூணு தரம் அடியுங்க சாமி. அப்பறமாப் பேசிக்கலாம்" என்றாள் அக்கா.

முடிந்துவிட்டது என்று நினைத்தேன். முடியவில்லை. ஏலத்தை மேலே உறுதிப்படுத்த ஒரு மாதத்துக்கு மேல் ஆகும். அதற்குள் பாக்கிதாரர் பணத்தைக் கட்டினால் ஏலம் ரத்து. இது எங்களுக்குத் தெரியாது. மூத்தாருக்கு யாரோ சொல்லிவிட்டார்கள். ஒரு நாள் காலையில் அவர் தோளில் துண்டு, மடியில் முடிச்சோடு நாமக்கல் பாதையில் போய்க்கொண்டிருப்பதாகத் தலையாரி ஓடிவந்து சொன்னான். உழவு மாட்டில் ஒன்றை விற்றுவிட்டாராம். என் பாக்கிக்காக அம்மணி எருமையை விற்பதா என்று ராத்திரியெல்லாம் தூங்கவில்லையாம். நான் ஓடிப்போய்ப் பாதி வழியில் மறித்தேன்.

"கட்டாதீங்க மச்சான். உங்க காலைப் புடிக்கறேன்."

"வெலகு மாப்ளை. கடன்பட்டவன் கட்டோணும்."

"கட்டினா ஏலம் போயிரும். ஏலம் போனாக் காடு திரும்ப உங்க பேருக்கே வந்துரும்."

"வரட்டும். அம்மணியே உழுவட்டும். நான் என்ன வேண்டாம்னா சொன்னேன்?"

நடுரோட்டில் உட்கார்ந்து அவருக்கு எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னேன். புழுதியில் இரண்டு கட்டம் கீறிக் காட்டினேன். கடைசியில் நான் என்ன சொன்னேனோ, அவருக்குப் புரிந்ததோ, சலித்துப்போனாரோ, எழுந்து துண்டை உதறினார். "கடனைக் கட்டப் போறவனை வழி மறிக்கிற ஊரு இது ஒண்ணுதான்" என்று திரும்பி நடந்தார். விற்ற மாட்டை அன்றைக்கே திரும்ப வாங்கப் போனார். வாங்கியவன் கூடுதலாகக் கேட்டான்.

மேற்குக் காட்டுப் பட்டா அக்கா பேருக்கு வந்தது. ஜட்ஜியால் முடியாதது, தாசில்தாரால் முடியாதது, துரையால் முடியாதது, ஏலம் போட்டதும் தானாக நடந்தது. கணக்குப்பிள்ளை சிரித்த முகமாகக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு, மோர் குடித்துவிட்டுப் போனார்.

அவர் போன பிறகுதான் எனக்கு உறைத்தது. கிழக்குக் காட்டுப் பட்டாவும் அக்கா பேரில்தானே இருக்கிறது? இப்போது இரண்டு காடும் கணக்கில் அக்காவுடையது. மூத்தாருக்கு இந்த உலகத்தில் ஒரு சாண் நிலம் கிடையாது. அவர் அதைக் கேட்டுவிட்டு, "அதுக்கென்ன, நான் உழுகறேன், அம்மணி பேர்ல இருக்குது. முன்னயும் அப்படித்தானே?" என்றார். பத்திரம் எழுதலாமா என்று நான் வாயைத் திறக்கவில்லை. அவர் மகன் மட்டும் ஒரு தடவை தாலுகா ஆபீஸில் போய்க் கேட்டுவிட்டு வந்தான். கோர்ட்டுக்குப் போகச் சொன்னார்களாம்.

எனக்கு ஒரே ஒரு வழிதான் தெரிந்தது. அக்காவிடம் சொன்னேன். "கெழக்குக் காட்டுக்கு இந்த வருசம் நீ கிஸ்தி கட்டாதே. பாக்கி விழட்டும். ஏலத்துக்கு வரட்டும். அவரு எடுத்துக்கட்டும். ரெண்டு பட்டாவும் நேராயிரும்."

அக்கா முறத்தில் மிளகாய் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தாள். கிள்ளிய கையை நீட்டி என்னைச் சுட்டிக்காட்டினாள்.

"எம் பேரைச் சொல்லி ஊர்ல தப்பட்டை அடிக்கவா? கட்டறதுக்குக் காசிருந்தும் கட்டாதவளாம்னு சொன்னா எம் பொண்ணுகளை நாளைக்கு எவன் கட்டுவான்? போடா, போயி எங்கயாவது கல்லு ஒடை."

மறுநாள் நான் சங்ககிரிக்குப் போனேன். மாசியில் திரும்பி வந்தபோது, மணியக்காரர் சாவடியில் அக்கா இரண்டு காட்டுக்கும் கிஸ்தி கட்டிக்கொண்டிருந்தாள். கொஞ்சம் தள்ளிப் புளியமரத்தடியில் மூத்தார் முதுகைக் காட்டி நின்றுகொண்டிருந்தார். கிழக்குக் காட்டுக்கு உண்டான காசைத் தலையாரி கையில் கொடுத்துவிட்டு, அது அக்கா கைக்குப் போய்ச் சேர்ந்ததா என்று திரும்பிப் பார்க்காமல் காத்திருந்தார்.